ஏறியவர், இறங்கியவர்

படிவத்தில் இரண்டே பத்திகள்:
ஏறியவர். இறங்கியவர்.
நிறுத்தத்துக்கு நிறுத்தம் கோடு கிழித்து
மாதக் கடைசியில் கூட்டிக் கொடுத்தால்
இந்தத் தண்டவாளம் இருக்கலாமா
தாருக்கு அடியில் போகலாமா என்று
மேலே யாரோ முடிவு செய்வார்கள்.
எனக்கு நாளுக்கு முந்நூறு ரூபாய்.
சாப்பாடு என் பொறுப்பு.

கொல்கத்தா, சித்பூர் சாலை, காலை ஒன்பதே கால்.
இரண்டாம் பெட்டியின் கடைசி இருக்கை.
முதல் பெட்டியில் மின்விசிறி உண்டு, இதில் கிடையாது.
அந்தக் காற்றுக்கு ஒரு காலத்தில் தனி விலை.
இந்தப் பெட்டிக்கு ஒரு பைசா ஏற்றியதற்குத்தான்
ஊர் தெருவில் இறங்கியதாம்.
எத்தனை பேர் இறங்கினார்கள் என்று
அன்று யாரும் கோடு கிழிக்கவில்லை.

லோக்மான் காலால் மணியை மிதிக்கிறார்.
கைவண்டிக்காரன் திரும்பிப் பாராமல் ஒதுங்குகிறான்.
முதுகில் காது முளைத்த தெரு இது.

கூரைக்கழி கம்பியை விட்டு நழுவ
வண்டி பெருமூச்சு விட்டு நின்றது.
நடத்துநர் பாக்கிரா பின்னால் போய்
கயிற்றைப் பிடித்து அண்ணாந்து
வானத்தில் தூண்டில் போட்டார்.
பொறி பறந்தது. மாட்டிக்கொண்டது.
இறங்கியவர் ஒன்று என்று எழுதி, அடித்தேன்.
ஊழியர் கணக்கில் வரமாட்டார்.

மசூதி முனையில் அத்தர் வாசனை ஏறியது.
இறங்கவே இல்லை.
அதற்கும் பத்தி இல்லை.

அப்புறம் அந்த வெள்ளைக் கார்.
தண்டவாளத்தின் மேல், பூட்டி,
கண்ணாடியில் எலுமிச்சையும் மிளகாயும் தொங்க,
யாருக்குமே சொந்தமில்லாதது போல் நின்றது.
மணி அடித்தார். அடித்தார்.
மத்தளக் கடையில் ஒருவன் அதே தாளத்தைத் திருப்பி அடித்தான்.
கால் மணி நேரம்.

"தூக்கிவிடலாம்" என்றாள் தருபாலா ஷிக்தார்.
நாடகக் கம்பெனியில் திரைக்குப் பின்னிருந்து
வசனம் எடுத்துக் கொடுப்பவள்.
முப்பது வருடம் ராஜாக்களின் காதில் கிசுகிசுத்த குரல்.
எல்லோரும் இறங்கினார்கள்.
மத்தளக்காரனும் தம்பியும் வந்தார்கள்.
பளிங்கில் பெயர் வெட்டுகிறவன்
இமையெல்லாம் வெள்ளைத் தூளோடு வந்தான்.
ஊர் கூடித் தேர் இழுப்பதைப் பார்த்திருக்கிறேன்.
தேர் சும்மா நிற்க
குறுக்கே நிற்பதைத் தூக்குவதை இன்றுதான்.

ஹேய்யோ, என்றாள் தருபாலா.
மாடிச் சன்னல்கள் திறந்தன.
ஹேய்யோ.
ஒரு முழம் நகர்ந்தது.
ஹேய்யோ.
பின்சக்கரம் சாக்கடையில் சாவகாசமாக உட்கார்ந்தது.

அப்போதுதான் கடையிலிருந்து வெளிப்பட்டார் சொந்தக்காரர்,
கையில் கல்யாண மாப்பிள்ளைக்கான நெட்டிக் கிரீடம்,
அன்னப் பறவை வயிறு போல் வெள்ளை.
"கீறல் விழுந்ததா?" என்று கேட்டார்.
யாரும் பதில் சொல்லவில்லை.
சக்கரத்தைப் பார்த்தார். கடிகாரத்தைப் பார்த்தார்.
கிரீடத்தை நெஞ்சோடு அணைத்தபடி
டிராமில் ஏறினார்.
தருபாலா நகர்ந்து இடம் விட்டாள்,
அவருக்கு அல்ல, கிரீடத்துக்கு.

மத்தளக்காரனும் ஏறினான், சும்மா,
அடுத்த நிறுத்தம் வரை.
தம்பி ஏறினான். பளிங்குக்காரனும் ஏறினான்,
தொட்ட இடமெல்லாம் வெள்ளை விரல்கள்.

நான் பென்சிலை எடுத்தேன்.
இறங்கியவர்: பதினொன்று.
ஏறியவர்: பதினைந்து.
இடம் என்ற கட்டத்தில், நிறுத்தம் இல்லாத அந்த இடத்துக்கு,
வெள்ளைக் கார் என்று எழுதினேன்.
பொய்யில்லை. இறங்கினார்கள், ஏறினார்கள்.
மேலே இருப்பவர் வேண்டுமானால் வந்து விசாரிக்கட்டும்.

பாக்கிரா என் முன்னால் வந்து நின்றார்.
சில்லறைப் பையைக் குலுக்கினார்.
"எண்ணுகிற பாபு, நீயும் இடது பக்கம் பிடித்தாயே,
பார்த்தேன்."

உள்ளங்கையில் கார்ச் சேறு.
துடைத்துவிட்டு ஐந்து ரூபாய் கொடுத்தேன்.
பீடி சுற்றும் இலை போல் மெல்லிய சீட்டு.
இரண்டு பத்தியிலும்
ஒரு கோடு கூட்டிக்கொண்டேன்.